சேவலுக்கு ஃபைல் இல்லை

கோழித் தொழிலில் கோழி யாரையும் ஏமாற்றுவதில்லை. பசித்தால் கத்துகிறது, நோய் வந்தால் தலையைத் தொங்கப் போடுகிறது. ஏமாற்றுகிறவர்கள் எல்லாம் செருப்புப் போட்டு நடக்கிறவர்கள். என்னைக் கவிழ்த்தவர் அந்தச் செருப்பையும் வாசலில் கழற்றி வைத்துவிட்டு, குளிர் அறையில் உட்கார்ந்து, மரியாதையாகச் ‘சார், சார்’ என்று கூப்பிட்டே கவிழ்த்தார். பேரை எழுதப் போவதில்லை. எழுதினால் இந்தப் பத்திரிகைக்காரர் அந்த வரியையே அடித்து நீக்கிவிடுவார். தவிர, அவர் இதைப் படிக்கத்தான் போகிறார். படித்தால் யாரைச் சொல்கிறேன் என்று அவருக்கே தெரியும்.

ஐயா, என் கோழிகளின் தகப்பன்மாரைத் தொலைத்தது நீங்கள்தான்.

பண்ணைக்காரர்களே, உங்களில் பாதிப் பேராவது இந்த மாதிரி ஒரு படித்தவரிடம் மாட்டியிருப்பீர்கள். தீவனக்காரன் ஏமாற்றினால் மூட்டையைப் பிரித்துக் காட்டிச் சண்டை போடலாம். இதில் பிரித்துக் காட்ட என்ன இருக்கிறது? ஓரத்தில் ஓட்டை போட்ட நீளக் கம்ப்யூட்டர் காகிதம், அது நிறைய நம்பர். கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள். எனக்குப் பொறுமை கிடையாது என்று ஊருக்கே தெரியும். அதனால்தான் உங்களிடம் கேட்கிறேன்.

மூன்று தலைமுறை

நான் பள்ளியில் படித்தது ஐந்தாவது. மீதியை லாரி புக்கிங் ஆபீசில் படித்தேன். எழுபதுகளில் நாமக்கல்லுக்கும் ராசிபுரத்துக்கும் நடுவே, கடலைக் காடாக இருந்த இடத்தில் கொட்டகை போட்டேன். அப்போது குஞ்சு வெளியூர்க் கம்பெனியிலிருந்துதான் வர வேண்டும். அவர்கள் சொன்னதுதான் விலை, அனுப்பியதுதான் குஞ்சு, வந்ததுதான் நேரம். பேரம் பேச முடியாத இடத்தில் எனக்கு மூச்சு முட்டும். போங்கடா என்று நானே சொந்தமாக ஒரு வம்சம் கட்ட ஆரம்பித்தேன். நம் வெயிலைத் தாங்கி, நம் தீவனத்தைத் தின்று, நிறைய முட்டை போடுகிற வம்சம்.

வம்சம் கட்டுவது என்றால் எந்தக் குஞ்சு எந்தத் தாய்க்கு, எந்தத் தகப்பனுக்கு என்று தெரிய வேண்டும். கொட்டகையைக் கம்பி வலையால் அறை அறையாகப் பிரித்தேன். அறைக்கு ஒரு சேவல், அதோடு பத்துப் பன்னிரண்டு கோழிகள். கோழி முட்டையிட உள்ளே போனால் கதவு தானாக விழுந்துவிடும் பெட்டிகள் வைத்தேன். ஆள் போய்க் கதவைத் திறந்து, காலிலுள்ள வளையத்தின் நம்பரைப் பார்த்து, முட்டையில் பென்சிலால் எழுதிவிட்டுக் கோழியை வெளியே விடுவான். குஞ்சு பொரித்ததும் அதற்கும் ஒரு வளையம். கோழிக்கு வெள்ளை அட்டை, சேவலுக்கு நீல அட்டை. இதை வருடக் கணக்காகச் செய்தேன். பைத்தியம் என்று சொல்லாத ஆள் இல்லை.

நாமகிரிப்பேட்டையிலிருந்து கந்தசாமி என்று ஒரு விவசாயி குஞ்சு பார்க்க வந்தார். மஞ்சள் விற்ற காசில் பண்ணை வைக்கப் போகிறாராம். குஞ்சைப் பார்க்காமல் அட்டையையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். “ஏனுங்க, இது ரேசன் கார்டுங்களா?” என்றார். இது இந்தக் கோழியோட அம்மா, இது அம்மாவோட அம்மா, இது தகப்பன் என்று விரலை வைத்துக் காட்டினேன். அட்டையை என்னிடம் திருப்பிக் கொடுத்தார். அப்புறம் ஒரு பெருமூச்சு விட்டுச் சொன்னார்:

“மாப்பிள்ளையோட தாத்தன் பேரக் கேட்டதுக்கே என்ற சம்பந்தி சண்டைக்கு வந்துட்டாருங்க. நீங்க கோழிக்கு மூணு தலைமுறை எழுதி வெச்சிருக்கறீங்க. புள்ளயக் கட்டிக் குடுக்கறதுக்கு முன்ன உங்களையில்லீங்க வந்து பாத்திருக்கோணும்!”

கோடு போட்ட பெட்டிகள்

அட்டைகள் பெருகின. பீரோவுக்குள் அடங்காமல் அட்டைப்பெட்டி, அட்டைப்பெட்டியிலிருந்து பரண் என்று போய்ச் சேர்ந்தன. பரணில் கரையான். ஒரு கோழியின் கூடப்பிறந்தவை எவை என்று தேட அரை நாள் ஆகும். தேடி முடிக்கிறபோது எதற்காகத் தேடினோம் என்பது மறந்துபோகும். எண்பதுகளின் நடுவில் சேலம் ஃபேர்லேண்ட்ஸில் ஒரு கம்ப்யூட்டர் சென்டர் திறந்திருப்பதாகச் சொன்னார்கள். ஜவுளிக்காரர்கள் கணக்குப் போடக் கொடுக்கிறார்களாம். போனேன். அங்கேதான் நம் ஆள் இருந்தார்.

உள்ளதைச் சொல்ல வேண்டும். முதல் அரை மணி நேரம் அவரை நான் மதித்தேன். ஒரு தாளை எடுத்துப் பெட்டி பெட்டியாகக் கட்டம் போட்டார். கோழிக்கு ஒரு பெட்டி, சேவலுக்கு ஒன்று, அறைக்கு ஒன்று, முட்டைக்கு ஒன்று, அடைவைத்ததற்கு ஒன்று. ஒவ்வொன்றும் தனி ஃபைல். “ஒரு கோழிக்குப் பல முட்டை. ஒரு முட்டைக்கு ஒரே கோழி. அதனால கோழி ஃபைல்ல முட்டையைத் திணிக்கக் கூடாது சார். முட்டைக்குத் தனியா வரி, அதில அம்மா நம்பர் மட்டும் இருந்தாப் போதும்” என்றார். பெட்டிக்கும் பெட்டிக்கும் கோடு இழுத்தார். ஒரு விஷயத்தை ஒரே இடத்தில்தான் எழுத வேண்டும், ஒரு நம்பர் ஒரே உயிருக்குத்தான் என்றார். நான் இத்தனை வருடம் பரணில் போட்டுக் குழப்பிக்கொண்டிருந்தது ஒரு தாளில் பளிச்சென்று கிடந்தது.

அப்புறம் விலை சொன்னார். ஃபைலுக்கு இவ்வளவு என்று கணக்கு. நான் சும்மா இருப்பேனா? எழுந்து வாசல் வரைக்கும் போனேன், கூப்பிட்டார். உட்கார்ந்தேன், பேசினேன், மறுபடி எழுந்தேன். செருப்பு மாட்டிய பிறகு மறுபடி கூப்பிட்டார். பாதிக்குக் கொஞ்சம் மேலே வந்து நின்றது. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். அவர் அந்தத் தாளை எடுத்து மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு சொன்னார்:

“இந்த விலைக்கே முடிச்சுக்கலாம் சார். ஆனா இனிமே நீங்க எதுவும் கேக்கக் கூடாது, நானும் எதுவும் சொல்ல மாட்டேன்.”

பர்மிட் நம்பர்

பண்ணையில் மேஸ்திரி பழனியப்பன். புக்கிங் ஆபீஸ் காலத்திலிருந்து என்னோடு இருக்கிறவன். கிளீனராக ஏறி, டிரைவராகி, கண் மங்கிய பிறகு லாரியை விட்டு என் கோழிகளுக்கு வந்தவன். அவன் எழுதிக் கொடுக்கிற தாள்கள் பஸ்ஸில் சேலம் போகும். சென்டரில் வளர்மதி என்ற பெண் அவற்றைக் கம்ப்யூட்டரில் அடிப்பாள். அம்மாபேட்டைத் தறிக்கார வீட்டுப் பெண். ஒருநாள் போன் செய்தாள்.

“சார், ஆடி மாசம் செத்துப்போச்சுன்னு எழுதிக் குடுத்தீங்களே, அந்தக் கோழி ஆவணியில முட்டை போட்டிருக்கு.”

தப்பாக அடித்துவிட்டு என்னிடமே சொல்கிறாயா என்று சத்தம் போட்டேன். அவள் பதறவில்லை. “ஒண்ணுன்னா தப்புன்னு சொல்லலாம் சார். இங்க செத்ததெல்லாம் முட்டை போடுது” என்றாள்.

போனை வைத்துவிட்டுக் கொட்டகைக்கு ஓடினேன். செத்த கோழியின் நம்பர் வளையத்தோடு ஒரு கோழி நன்றாகக் கொழுத்து நின்று மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தது. பழனியப்பனைக் கூப்பிட்டேன். ஒளிக்கவில்லை, மறைக்கவில்லை, பெருமையாகவே சொன்னான். கோழி செத்தால் வளையத்தைக் கழற்றி, கழுவி, வேறு நல்ல கோழிக்கு மாட்டிவிடுவானாம். நான் தலையில் அடித்துக்கொண்டேன். யாருடைய மகளோ யாருடைய பேரிலோ முட்டை போட்டுக்கொண்டிருக்கிறாள்! அவனுக்கு என் கோபம் புரியவே இல்லை.

“லாரி குடை சாஞ்சா, வேற வண்டி வாங்கி அதே பர்மிட்டுல ஓட்டறதில்லீங்களா மொதலாளி? நம்பரு சும்மா கெடந்தா நட்டமாச்சேன்னு, நல்ல கோழியாப் பாத்துத்தானுங்க மாட்டியுட்டேன்.”

முட்டை போடாத கோழி

அந்த வருடக் குஞ்சுகளில் பாதியைக் கணக்கிலிருந்தே தள்ளிவிட்டு, மறுபடி முதலிலிருந்து வளையம் போட்டோம். நான் பழனியப்பனை நிற்க வைத்துச் சொன்னேன்: “இனிமேல் உன் மூளையைக் கேக்காதே. பேப்பர் என்ன சொல்லுதோ அதைச் செய்.” நாலு பேர் முன்னால் சொல்லியிருக்கக் கூடாதுதான். அவன் தலையாட்டினான். அந்தத் தலையாட்டலை நான் அப்போதே கவனித்திருக்க வேண்டும்.

மாதா மாதம் சேலத்திலிருந்து கழிவுப் பட்டியல் வரும். எந்தக் கோழி முட்டை குறைவோ அது மேலே இருக்கும்; பிடித்துக் கறிக்கு அனுப்ப வேண்டும். இங்கிலீஷில் என்ன எழுதியிருந்தாலும் நம்பர் பழனியப்பனுக்குப் படிக்கத் தெரியும். ஒரு மாதம் பட்டியலில் முதல் நம்பர் கலெக்டருடையது. கலெக்டர் என்பது பண்ணையில் எல்லோரும் ஒரு சேவலுக்கு வைத்த பேர். நெஞ்சை நிமிர்த்தி அறையை ஆய்வு செய்கிற மாதிரியே நடக்கும். அதன் மகள்கள்தான் பண்ணையிலேயே அதிக முட்டை போடும். அது எப்படிக் கழிவுப் பட்டியலில் வந்தது? நான் பேரம் பேசிய அன்றே சேவல் பெட்டியை நம் ஆள் தாளிலிருந்து அடித்து நீக்கிவிட்டார். சேவல்களையும் கோழி ஃபைலிலேயே தள்ளிவிட்டார். கம்ப்யூட்டருக்குக் கலெக்டர் ஒரு கோழி. வருடம் முழுக்கத் தின்றுவிட்டு ஒரு முட்டை கூடப் போடாத கோழி.

நான் ஈரோட்டிலிருந்து திரும்பி வந்தபோது கலெக்டரின் அறை காலி. “சேவல்னு தெரியலையாடா உனக்கு?” என்று கத்தினேன். “தெரிஞ்சுதுங்க. பேப்பரக் கேளுன்னு நீங்கதான சொன்னீங்க” என்றான். ஜீப்பை எடுத்துக்கொண்டு சேலம் போனேன். கறிக் கோழி வாங்குகிறவர், அன்றைய லோடை ஏற்காடு மலையடிவாரத்தில் கொண்டப்பநாயக்கன்பட்டி ஓட்டல் ஒன்றுக்குப் போட்டதாகச் சொன்னார். அங்கே போய்ச் சேர்ந்தபோது இலை எடுத்துக்கொண்டிருந்தார்கள். வெள்ளைச் சேவல் ஒன்று வந்ததா, கொண்டை பெரியதாக, நிமிர்ந்து நிற்குமே என்று ஓட்டல்காரரைக் கேட்டேன். அவருக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டது.

“அதுங்களா! ஏற்காடு போற பார்ட்டி ஒண்ணு கேட்டு வாங்கிச் சாப்பிட்டுட்டு இப்பத்தானுங்க கெளம்புனாங்க. நல்ல எலும்புன்னாங்க. இன்னும் அதே மாதிரி இருந்தா அனுப்புங்க சாமி.”

வீட்டு நம்பர்

மறுநாள் ஃபேர்லேண்ட்ஸில் நான் போட்ட சத்தத்தில் பக்கத்து ஜெராக்ஸ் கடைக்காரர் எட்டிப் பார்த்தார். நம் ஆள் அசையவில்லை. சேவலுக்குத் தனி ஃபைல் வேண்டுமானால் தனிக் காசு என்றார். கொடுத்த காசுக்குள் சரி பண்ணுங்கள், இனிமேல் பட்டியலில் சேவல் வரக்கூடாது, அவ்வளவுதான் என்று மேஜையைத் தட்டிவிட்டு வந்தேன். ஒரே மத்தியானத்தில் சரி பண்ணிவிட்டார். அதற்கப்புறம் பட்டியலில் சேவல் வரவே இல்லை. சத்தம் போட்டால்தான் இவர்களிடம் வேலை நடக்கிறது என்று பார்க்கிறவர்களிடம் எல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

போன வருடம் மழைக்காலத்துக்குப் பிறகு, வளர்ந்து முட்டைக்கு வந்த கோழிகள் காலை இழுக்க ஆரம்பித்தன. ஒரு கால் முன்னால், ஒரு கால் பின்னால் நீட்டிப் படுத்துவிடும். அப்புறம் எழாது. பார்த்தவர்களுக்குத் தெரியும் அந்தப் படுக்கை. குஞ்சிலேயே அந்த வாத நோய்க்குத் தடுப்பூசி போட்டிருந்தேன். எங்கள் கோழி டாக்டர் சில கோழிகளை அறுத்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “ஊசியும் போட்டு, ஒரே கொட்டகையில ஒரே தீவனம் தின்னு, சிலது மட்டும் விழுதுன்னா வம்சத்தில தாங்கற சக்தி இல்லைன்னு அர்த்தம். தகப்பன் வாரியாப் பிரிச்சுப் பாருங்க. ஒண்ணு ரெண்டு சேவலோட பிள்ளைகளாத்தான் இருக்கும். அதுகளைக் கழிச்சா மீதி தப்பிச்சுக்கும். பிரிக்க முடியலைன்னா எல்லாத்தையும் கழிக்கறதுதான் வழி.”

பிரிப்பதற்குத்தானே ஐயா கம்ப்யூட்டர்? இதற்காகத்தானே இத்தனை பாடு? அன்றே வளர்மதிக்குப் போன் செய்து, விழுந்த கோழிகளின் தகப்பன் நம்பரை எடுத்துத் தரச் சொன்னேன். காகிதம் வந்தது. தகப்பன் என்ற இடத்தில் நாலு, ஏழு, நாலு, இரண்டு, நாலு. எந்தச் சேவலுக்கும் என் பண்ணையில் நாலு என்று நம்பர் கிடையாது. மறுபடி போன். “அது சேவல் நம்பர் இல்ல சார், ரூம் நம்பர்” என்றாள். சேவலைப் பட்டியலிலிருந்து எடுக்கச் சொன்னேன் இல்லையா? நம் ஆள் ஃபைலிலிருந்து சேவல்களையே அழித்துவிட்டு, தகப்பன் இருந்த இடத்தில் எல்லாம் அறை நம்பரைப் போட்டுவிட்டாராம்.

பக்கத்தில் நின்ற பழனியப்பனிடம் சொன்னேன். சேவல்களை அறை மாற்றுவது அவன் வேலை. ஒரு சேவல் சோர்ந்துபோனால், கோழிகள் கொத்தி விரட்டினால், அதை எடுத்துவிட்டு வேறு சேவலை விடுவான். ஒரு வருடத்தில் ஒரே அறையில் மூன்று நாலு சேவல்கள் இருந்து போயிருக்கும். அவன் காகிதத்தைத் தூரப் பிடித்துக் கண்ணை இடுக்கிப் பார்த்தான். கலெக்டர் போனதிலிருந்து அவனும் நானும் சரியாகப் பேசுவதில்லை. அன்றைக்குத்தான் பழைய மாதிரி வாயைத் திறந்தான்.

“குடியிருந்தவங்க மாறிக்கிட்டே இருந்தாங்களேங்க. வெறும் ஊட்டு நம்பரை வெச்சுக்கிட்டு அப்பன எங்கீங்க போயித் தேடறது?”

டிரங்க் கால்

நம் ஆளைத் தேடி ஃபேர்லேண்ட்ஸ் போனால், அவர் சென்டரை மச்சினனிடம் விட்டுவிட்டுப் பெங்களூர் போய்விட்டார். பெரிய வேலையாம். மச்சினனுக்குச் சாவி எங்கே இருக்கிறது என்பதைத் தவிர ஒன்றும் தெரியாது. புரோகிராமுக்குள் நுழைய ஒரு ரகசியச் சொல் வேண்டுமாம். அது பெங்களூரில் இருக்கிறது. வளர்மதியால் இருக்கிற ஃபைலில் அடிக்க முடியும், அதிலிருந்து எடுக்க முடியும், புதிதாக ஒரு ஃபைல் சேர்க்க முடியாது. டிரங்க் கால் போட்டு உட்கார்ந்தேன். ஒரு மத்தியானம் முழுக்க உட்கார்ந்த பிறகு லைன் கிடைத்தது.

நான் லாரி புக்கிங்கில் கற்றுக்கொண்ட நியாயம் ஒன்று உண்டு. வாசகர்கள் இதை ஒத்துக்கொள்வீர்கள். பேரம் பேசினால் விலைதான் குறைய வேண்டும். சரக்கு குறையக் கூடாது. பத்து டன்னுக்கு வாடகையைக் குறைத்துப் பேசினேன் என்பதற்காக லாரிக்காரன் வழியில் இரண்டு டன்னை இறக்கி வைத்துவிட்டு வருவானா? முடியாது என்றால் முடியாது என்று சொல்ல வேண்டும். எடுப்பதானால் இதை எடுக்கிறேன் என்று முகத்துக்கு நேரே சொல்ல வேண்டும். அதுதான் வியாபாரம். இதைத்தான் போனில் சொன்னேன். சொன்னேன் என்றால், தெருவில் போனவர்கள் நின்று கேட்கிற மாதிரி சொன்னேன். அவர் முழுக்கக் கேட்டுவிட்டு, அதே சிரிக்காத குரலில் பேசினார்.

“ஃபைலைக் குறைச்சது நீங்க பேசின விலைக்கு சார். லிஸ்டில சேவல் வரக் கூடாதுன்னீங்க, வரலை. சேவல் என்ன முட்டையா போடுது? அப்புறம் என்ன சார் கம்ப்ளெய்ன்ட்?”

பாவும் ஊடையும்

நல்லவேளை, சேவல்களின் நீல அட்டைகளைக் கரையான் தின்னவில்லை. எந்தச் சேவல் எந்த அறையில் எப்போதிலிருந்து எதுவரை இருந்தது என்று அதில் இருக்கிறது. கம்ப்யூட்டரில் அதைப் போட இடம்தான் இல்லை. சரி, கையால் பிரிப்போம் என்று உட்கார்ந்தோம். வளர்மதி ஞாயிற்றுக்கிழமைகளில் பஸ் ஏறிப் பண்ணைக்கு வந்தாள். அவள் காகிதத்தைப் பார்த்து ஒரு கோழியின் நம்பரையும் பொரித்த தேதியையும் படிப்பாள். அடையில் இருந்த மூன்று வாரத்தைக் கழித்து, அப்போது அந்த அறையில் எந்தச் சேவல் என்று நான் அட்டையில் தேடுவேன். இதில் இன்னொரு கொடுமை: சேவலை மாற்றிய பிறகும் இரண்டு வாரத்துக்குக் கோழி பழைய சேவலின் கருவோடே முட்டை போடும் என்கிறார் டாக்டர். அந்த நாட்களின் முட்டையில் பிறந்தவற்றுக்குத் தகப்பன் அவனா இவனா என்று கடவுளைத்தான் கேட்க வேண்டும்.

“எங்க ஊட்டுத் தறியில பாவு தனி, ஊடை தனி சார். பாவை அறுத்துப் போட்டுட்டு ஊடையை மட்டும் வெச்சு நெய்யச் சொன்னா எப்படி?” என்று வளர்மதி முணுமுணுத்தாள். முணுமுணுத்தாலும் வேலையை விடவில்லை. நாலாம் அறையை முடித்தோம். அந்த அறையில் பிறந்து விழுந்த கோழிகளில் மிகப் பெரும்பாலானவை இரண்டே சேவல்களின் பிள்ளைகள். அட்டையைத் திருப்பினால் அந்த இரண்டும் ஒரே தாய்க்குப் பிறந்த அண்ணன் தம்பி. டாக்டர் சொன்னது சரி. மற்ற சேவல்களின் மகள்கள் கல் மாதிரி நிற்கின்றன. அன்றைக்கு எனக்கு வந்த சந்தோஷத்தில் பழனியப்பனைக் கட்டிக்கொண்டேன், அவன் பயந்துவிட்டான்.

அந்தச் சந்தோஷம் மற்ற அறைகளின் காகிதக் கட்டைப் பார்க்கிற வரைக்கும்தான். அந்த அண்ணன் தம்பிக்கு இன்னும் கூடப்பிறந்தவை உண்டு. அவை எந்தெந்த அறையில் இருந்து போயினவோ. ஒரு சேவல் ஃபைல், அதோடு எந்தச் சேவல் எந்த அறையில் எப்போது என்று இன்னொரு சின்ன ஃபைல், இரண்டும் இருந்தால் கம்ப்யூட்டர் காப்பி குடிக்கிற நேரத்தில் பிரித்துக் கொடுத்துவிடும் என்கிறாள் வளர்மதி. எங்களுக்கோ ஒரு அறைக்கே தை மாசம் முழுக்கப் போய்விட்டது. கடைசி பஸ்ஸுக்குக் கிளம்பும்போது விரல்களை உதறிக்கொண்டே கேட்டாள்:

“எல்லாத்தையும் கையாலயே எழுதறதுக்கு, என்னை எதுக்கு சார் எங்க ஊட்டுல வட்டிக்கு வாங்கி டைப்ரைட்டிங் படிக்க வெச்சாங்க?”

இப்போது

நல்ல கோழிகள் முட்டை போட்டுக்கொண்டிருக்கின்றன. சித்திரை வெயில் ஏறுவதற்குள் அவற்றின் முட்டையை அடைவைத்தால் வம்சம் நிற்கும். கெட்ட தகப்பனின் மகளையும் சேர்த்து அடைவைத்தால், அடுத்த வருடம் கொட்டகை முழுக்கக் காலை நீட்டிப் படுக்கும். எது எது என்று தெரியாமல் எதையும் வைக்க முடியாது. வெளியூர்க் குஞ்சுக் கம்பெனியின் ஏஜென்ட் ஒருவர் வாரம் தவறாமல் வந்து, வேலியோரம் மோட்டார் சைக்கிளை நிறுத்திவிட்டு விழுந்த கோழிகளை எட்டிப் பார்க்கிறார். நேற்றும் வந்தார். முன்பு அவர் தலையைக் கண்டாலே கல்லை எடுப்பேன். நேற்று வெறுமனே உட்கார்ந்திருந்தேன். அவருக்கே என்னவோ போலாகிவிட்டது.

“எதுக்குங்க இத்தனை கஷ்டம்? மொத்தமாக் கழிச்சுட்டு எங்க குஞ்ச எறக்குங்க. அப்பன் யாரு ஆத்தா யாருன்னு நாங்களும் சொல்ல மாட்டோம், நீங்களும் கேக்க வேண்டாம்.”

அவர் போன பிறகு பழனியப்பன் கொட்டகையிலிருந்து வந்து, இன்றைக்கு இன்னும் மூன்று விழுந்துவிட்டது என்றான். எந்த அறை என்று கேட்டேன். சொன்னான். எந்தச் சேவல் என்று கேட்க வாய் வந்தது, கேட்கவில்லை.

பெங்களூர்க்காரரே, உங்களை இனி நான் திட்டப் போவதில்லை. அதற்கும் தெம்பு இல்லை. பெட்டிகளுக்கு நடுவே கோடு இழுத்துக் காட்டிய அந்த அரை மணி நேரத்தில் நீங்கள் சொன்னது அத்தனையும் சரி. அதையே செய்யுங்கள் என்றுதான் கேட்கிறேன். உங்கள் விலை என்னவோ அதை வாங்கிக்கொண்டு, வெயில் ஏறுவதற்குள் ஒரு நாள் வந்து என் சேவல்களுக்கு ஃபைலைப் போட்டுக் கொடுத்துவிட்டுப் போங்கள் ஐயா, அதற்கப்புறம் நீங்களும் நானும் எந்த ஜென்மத்திலும் பேசிக்கொள்ள வேண்டியதில்லை.